பீரங்கியின் மீது இரண்டு கைகள்

மேற்கு மலைகளுக்கு அப்பால் கதிரவன் இறங்கிக்கொண்டிருக்க, பெண்ணையாற்றின் நீர்ப்பரப்பெங்கும் செம்மை படர்ந்திருந்த அந்த அந்தி வேளையில், வெண்குன்றக் கோட்டையின் கீழைக் கொத்தளத்தில், புதிதாய் வார்த்த நெடும்பீரங்கியின் மீது வலக்கையை வைத்தபடி நின்றிருந்தார் வார்ப்புச் சிற்பி அம்பலவாணர். பீரங்கி முதன்முறை வெடிக்கும்போது அதை வார்த்தவர் அதன்மேல் கை வைத்து நிற்கவேண்டும் என்பது அந்நாட்டு வழக்கம். வார்ப்பு பழுதென்றால் முதலில் போவது அவர் உயிர்.

அன்பு வாசகர்களே, அந்த ஊரில் அவரைப் பற்றி ஒரு நல்ல வார்த்தை கேட்கப் புறப்பட்டால் நாம் வெறுங்கையோடுதான் திரும்பவேண்டும். சில ஆண்டுகளுக்கு முன் அவர் வார்த்த முதல் நெடும்பீரங்கி இதே இடத்தில் வெடித்துச் சிதறி ஆறு வீரர்களைப் பலிகொண்டது. அவரோ இடக்கையை மட்டும் இழந்து உயிர் பிழைத்தார். அக்கரைப் பகைவனோடு சேர்ந்து செய்த சதி என்று அவரை நாடு கடத்தினார்கள். நாடு கடத்தப்பட்டவருக்கு உலையும் வெண்கலமும் கொடுத்தவன் அந்தப் பகைவனேதான். அங்கே அவர் வார்த்தவைதாம் இன்று அக்கரையிலிருந்து இந்தக் கோட்டை மதிலைப் பெயர்த்துக்கொண்டிருந்தன. கோட்டையிலிருந்த எந்தப் பீரங்கியும் அவ்வளவு தொலைவு எட்டவில்லை. புதிதாய்ப் பட்டமேறிய இளம் அரசி கோமளவல்லி ரகசியமாய் ஆளனுப்ப, மறு பேச்சில்லாமல் பரிசலேறி வந்துவிட்டார் மனிதர்.

தளவாய் நரசிங்கருக்கு அவர்மேல் துளியும் நம்பிக்கை இல்லை. வெடிக்கும் நேரத்தில் ஓடிவிடுவான் என்று சொல்லி, பீரங்கியோடு பிணைக்கச் சங்கிலியுடன் வந்திருந்தார். அப்போதுதான் அரசி கொத்தளப் படியேறி வந்தாள்.

"சங்கிலியை விலக்குங்கள், தளவாய் அவர்களே. பிணைப்பதானால் என்னைப் பிணையுங்கள். அந்த ஆறு பேரைக் கொன்றது இவருடைய வார்ப்பு அல்ல, என் காப்பு."

தெய்வத் திருமேனி வார்க்கும்போது அடியார்கள் பொன் இடுவார்கள் அல்லவா? அந்தப் பக்தியில்தான், இளவரசியாயிருந்த நாளில், தந்தையின் பீரங்கிக்கு வெற்றி வேண்டித் தன் பொற்காப்பைக் கொதிக்கும் வெண்கலத்தில் போட்டதாக அவள் சொன்னாள். காப்பின் உள்ளே அரக்கு நிரப்பியிருந்தது. அதன் இணையை அண்மையில் பொற்கொல்லர் தீயிலிட்டபோது அரக்கு பொங்கிப் புகைந்ததைக் கண்டாள். அந்தப் புகை அடைபட்டுத்தான் பீரங்கியின் உடம்புக்குள் பொள்ளல் விழுந்து அது வெடித்தது என்று அன்றுதான் புரிந்ததாம்.

"நான் போட்டதை நீர் பார்த்தீர். ஏன் சொல்லவில்லை?" என்று சிற்பியிடம் கேட்டாள்.

"பார்த்தேன், தேவி. பொன்தானே, கரைந்துவிடும் என்று எண்ணிவிட்டேன். பிறகு, ஒரு சிறு பெண்ணின் தலையில் ஆறு உயிர்களின் பாரத்தை ஏற்றி வைக்க எனக்கு மனம் வரவில்லை."

அரசி அருகே வந்து தன் கையையும் பீரங்கியின்மேல் வைத்தாள். தளவாய் பதறித் தடுத்தார். அவள் கேட்கவில்லை, அந்த ஆறு வீட்டாரும் இனி என் வீட்டார் என்று எல்லோர் முன்னிலும் சொல்லிவிட்டு, திரியில் தீ வைக்கச் சொன்னாள்.

பகைவன்கூட அம்பலவாணரை நம்பாமல் அவர் உலைக்குக் காவல் போட்டல்லவா வைத்திருந்தான்! அவர் வார்ப்பை நம்பி உயிரை வைக்க இத்தனை காலத்துக்குப் பிறகு இன்றுதான் ஒருவர் வந்திருக்கிறார். கண்ணீரைத் துடைக்க இன்னொரு கை இல்லாததால் அது வழிந்துகொண்டேயிருந்தது.

கொத்தளம் குலுங்கியது. ஆற்றைத் தாண்டிப் போன குண்டு பகைவர் பாசறையின் நடுவே விழ, அங்கே தீ மூண்டது. பீரங்கி கீறல் விழாமல் நின்றது.

"அடுத்த குண்டு எங்கே, ஐயா?" என்று கேட்டார் தளவாய். அந்த 'ஐயா'வை அவர் வாயிலிருந்து யாரும் எதிர்பார்த்திருக்கவில்லை.

"என் பீரங்கிகள் நிற்கும் மேட்டின்மீது. அங்கே என் கை வார்த்த ஒவ்வொன்றையும் உடைத்த பிறகே இங்கிருந்து இறங்குவேன். என்னை நம்பி வைத்த இந்தக் கையின்மேல் ஆணை" என்றார் அம்பலவாணர்.