வெறும் வாய்

வாயை மூடிய பிறகும் மெல்லும் சத்தம் நிற்கவில்லை.

டப்பிங் அறையில், காதில் மாட்டியிருந்த ஹெட்போனில் அது துல்லியமாகக் கேட்டது. ஈரமான, அவசரமே இல்லாத சத்தம். பசை தடவிய இரண்டு காகிதங்களை யாரோ ஒட்டி ஒட்டிப் பிரிப்பதுபோல. திரையில் படம் நின்றுவிட்டது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சவுண்ட் இன்ஜினீயர் கட்டைவிரலை உயர்த்திக் காட்டினார்.

"அருமைண்ணே! கேக்குற எனக்கே குமட்டுது. போதும், நிறுத்திக்கோங்க."

"நான் அப்பவே நிறுத்திட்டேம்ப்பா."

"எங்க நிறுத்தினீங்க? மீட்டர் இன்னும் ஆடுதே!"

நடிகர் விரலால் தன் உதட்டைத் தொட்டுப் பார்த்தார். மூடித்தான் இருந்தது. ஹெட்போனில் எதையோ விழுங்குவதுபோல ஒரு சத்தம் கேட்டு அடங்கியது.

முதல் படத்தில் அவருக்கு வசனமே கிடையாது. ஒருவனை நாற்காலியில் கட்டிவைத்து அடிப்பார்கள். இவர் ஓரமாக உட்கார்ந்து கோழிக்கால் தின்ன வேண்டும், அவ்வளவுதான். ஜனங்கள் கதாநாயகனை மறந்துவிட்டு இவர் வாயைப் பார்த்து முகம் சுளித்தார்கள். அன்றிலிருந்து க்ரைம் படம் என்றால் கொலை நடக்கும் இடத்தில் இவர் எதையாவது தின்றாக வேண்டும். ஆறிப்போய்க் கொழுப்பு உறைந்த கறி, டேக் மேல் டேக், மென்றதைத் துப்பக் காலடியில் ஒரு பிளாஸ்டிக் வாளி. சாயங்காலம் அந்த வாளியிலிருந்து கிளம்பும் புளித்த வாடை வீடு வரைக்கும் கூடவே வரும். சினிமாவில் அவருக்கு வைத்த பெயர் 'கடைவாய்'. தெருவில் போனால், "கடைவாய் அண்ணே, ஒரே ஒரு தடவை மென்னு காட்டுங்க!" என்பார்கள். அவரும் காட்டுவார். தொழிலாயிற்றே.

மனைவி மட்டும் அவரெதிரே உட்கார்ந்து சாப்பிடுவதை எப்போதோ விட்டுவிட்டாள். சமையலறைச் சுவரைப் பார்த்தபடி, அவருக்கு முதுகைக் காட்டித்தான் அவளுக்குச் சோறு இறங்கும். இதுதான் கடைசிப் படம் என்று அவளுக்கு வாக்குக் கொடுத்திருந்தார்.

இடைவேளையில் அவளே போன் செய்தாள்.

"முடிஞ்சுதா?"

"ஒரு ரீல்தான் பாக்கி."

"உங்க ஒரு ரீலைத்தான் கல்யாணமான நாள்லேருந்து பாத்துட்டு இருக்கேனே!"

"சத்தியமா. இன்னிக்கு மத்தியானம் ஒண்ணா சாப்பிடலாம். எதிரெதிரே."



"வாயை நல்லாக் கழுவிட்டு வாங்க," என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். அந்தச் சிரிப்பைக் கேட்டு எத்தனை காலமாயிற்று!

விளக்கு அணைந்தது. திரை முழுக்க அவருடைய வாய். எண்ணெயில் பளபளக்கும் உதடு, பல்லிடுக்கில் தொங்கும் நார், மோவாயில் வழியும் சாறு. தன் முகமே அவருக்குச் சாக்கடையாகத் தெரிந்தது. டப்பிங்கில் தீனி கிடையாது; மைக் முன்னால் வெறும் வாயைத்தான் மெல்ல வேண்டும். ஆரம்பித்தார்.

எச்சில் ஊறியது. கொழகொழவென்று ஊறியது. பிறகு நாக்கில் ஏதோ தட்டுப்பட்டது.

தன் கன்னச்சதையோ என்று நினைத்தார். வலிக்கவில்லை. வெளியே மெத்தென்று, உள்ளே குருத்தெலும்பு. கடித்தால் வளைந்தது. வழுக்கியது. மறுபடி பல்லுக்கே வந்தது. கூடவே பவுடர் வாசனை. தெரிந்த வாசனை. துப்ப வேண்டும். இங்கே வாளி இல்லை. டேக் ஓடிக்கொண்டிருந்தது. நடுவில் டேக்கைக் கெடுத்து அவருக்குப் பழக்கமே இல்லை.

திரையில் அந்த வாய் விழுங்கியது.

அவரும் விழுங்கினார்.

"ஓகே! இதுதாண்ணே தொழில்!" என்று இன்ஜினீயர் கை தட்டினார்.

கழிவறையில் தொண்டைக்குள் விரல் விட்டுப் பார்த்தார். ஒன்றும் வரவில்லை. வயிறு நிறைந்திருந்தது. சுகமாக நிறைந்திருந்தது, அதுதான் சகிக்கவில்லை.

வீட்டில் மேஜைமேல் எதிரெதிரே இரண்டு தட்டுகள். அவள் முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தாள்.

"வந்துட்டேன்," என்றார்.

தோளைத் தொட்டார். திரும்பினாள்.

"எப்ப வந்தீங்க? சத்தமே கேக்கலையே."

இடது பக்கம் காது இல்லை. காயமில்லை, ரத்தமில்லை. கன்னத் தோல்போல வழவழவென்று, பவுடர் பூசி, பிறந்ததிலிருந்தே அப்படித்தான் என்பதுபோல. அவள் கை தன்பாட்டுக்கு அந்த இடத்தில் முடியை ஒதுக்கிவிட்டது.

"என்ன முழிக்கிறீங்க? உக்காருங்க. இன்னிக்கு முகத்தைத் திருப்ப மாட்டேன்."

உட்கார்ந்தார். பல்லை இறுகக் கடித்துக்கொண்டார். இரண்டு கைகளாலும் வாயைப் பொத்தினார். தாடை அசைந்தது. அவர் அசைக்கவில்லை. மெதுவாக. அவசரமே இல்லாமல்.

எச்சில் ஊறியது.

எதிரே அவள் அவரையே பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தாள். அவளுடைய வலது காது மடல் லேசாக உள்பக்கம் மடங்கியது. அதன் ஓரத்தில், ஈரமாக, பல் பதிந்தது.