வாசல் மட்டும் உள்ள கோயில்

காலையில் படியைப் பெருக்கப் போனபோதுதான் கிருபாகரன் அந்த ஈரக் கால்தடங்களைப் பார்த்தான். கடல் பக்கமிருந்து மணலில் ஏறி, இருபத்தொரு படியையும் கடந்து, நேராக வாசலுக்குள் போயிருந்தன. திரும்பி வந்த தடம் ஒன்றுகூட இல்லை.

அது உண்மையில் கோயிலே இல்லை. கடப்பாக்கத்துக்குத் தெற்கே, சவுக்குத் தோப்பைத் தாண்டி, சினிமாவுக்காகப் போட்ட செட். கதை நடப்பது எந்த வரைபடத்திலும் இல்லாத ஒரு நாட்டில். அந்த நாட்டு ஜனங்களுக்குச் சிலை கிடையாதாம், வாசல்தான் சாமியாம். செத்தவர்கள் அதன் வழியாகத்தான் கீழே இறங்கிப் போவார்களாம். அதனால் ஆர்ட் டைரக்டர் கருவறையே இல்லாமல் வரைந்து கொடுத்துவிட்டார். நாற்பதடிக் கோபுரம், நடுவில் ஒரு வாசல், அவ்வளவுதான். கட்டிய கார்பென்டர்களில் கிருபாகரனும் ஒருவன். சவுக்குக் கட்டைச் சாரம், அதன்மேல் ப்ளைவுட், தெர்மாகோல், பிளாஸ்டர், கடைசியாகக் கருங்கல் மாதிரி பெயின்ட். வாசலுக்குள் நாலடிதான் ஆழம். அங்கே கறுப்புத் துணி போர்த்திய பலகையை நிறுத்தி ஆணி அறைந்ததே அவன்தான். ஹீரோவுக்குக் கால் முறிந்து ஷூட்டிங் நின்றுபோனதில், எல்லோரும் கிளம்ப, காவலுக்கு அவனை மட்டும் விட்டுப் போயிருந்தார்கள்.

உள்ளே போய்த் துணியைத் தடவிப் பார்த்தான். காய்ந்திருந்தது. தரையில் தடங்கள் பலகைவரை வந்திருந்தன. கடைசித் தடத்தில் குதிகால் மட்டும்தான் இருந்தது. விரல்கள் இருக்கவேண்டிய இடத்தில் பலகை.

குப்பத்துப் பிள்ளைகள் விளையாடியிருக்கும் என்று சொல்லிக்கொண்டு துடைத்துவிட்டான்.

மறுநாள் பத்துப் பன்னிரண்டு பேர் போன தடம். ஒன்று குழந்தையுடையது. அன்று முழுவதும் வாசலிலிருந்து ஒரு வாடை வந்துகொண்டே இருந்தது. பெயின்ட் வாடையோ பசை வாடையோ இல்லை, பல வருஷம் இறைக்காத கிணற்றுக்குள் தலையை நீட்டினால் முகத்தில் அடிக்குமே, பாசியும் குளிர்ந்த கல்லும் கலந்த அந்த வாடை. உதவி ஆர்ட் டைரக்டர் ஷ்யாமுக்குப் போன் செய்தான். யாரோ வம்பு பண்ணுகிறார்கள், ஒரு போட்டோ எடுத்து அனுப்பு என்றான் ஷ்யாம். எடுத்தான். போட்டோவில் தடங்கள் விழவில்லை. வெறும் படிகள்தான்.

மூன்றாம் நாள் மத்தியானம் மனைவி சாராள் சாப்பாடு கொண்டுவந்தாள். கல்யாணமாகிப் பதினோரு வருஷம். அவன் எங்கே செட் வேலைக்குப் போனாலும், கிட்டத்தில் இருந்தால் சோறு அவள் கையால்தான். அவளிடம் அவன் தடங்களைப் பற்றிச் சொல்லியிருக்கவில்லை. சொன்னால் ஜெபத்துக்கு ஆள் கூட்டி வந்துவிடுவாள் என்று விட்டுவிட்டான்.

காற்றே இல்லாத வெயில். அவன் கை கழுவக் குடத்தடிக்குப் போனான். அவள் நிழல் தேடிப் படியேறினாள்.

"இந்தாய்யா, உள்ள ஜில்லுனு கீது," என்றாள்.

நாலடிக்குள்ளிருந்து வந்த குரல் இல்லை அது. ஆழமான கிணற்றின் அடியிலிருந்து வந்தது போலிருந்தது.

குடத்தைப் போட்டுவிட்டு ஓடினான். வாசலுக்குள் யாருமில்லை. கறுப்புத் துணி அசையாமல் தொங்கியது. சோற்றுத் தூக்கு மட்டும் தரையில், அவள் செருப்புகளின் பக்கத்தில். கோயில் என்று நினைத்தோ, பழக்கத்திலோ, கழற்றிப் போட்டிருக்கிறாள்.

பின்பக்கம் ஓடினான். சாரம். மணல். ஒரு தடமும் இல்லை. கொஞ்ச தூரத்தில் கடல், எப்போதும் போல.

"சாராள்!"

அவன் குரல் திரும்பி வந்தது. வெட்டவெளியில் எதிரொலி எங்கிருந்து வரும்?

கடப்பாரையை எடுத்துவந்து துணியைக் கிழித்தான். பலகையைக் குத்தினான். ப்ளைவுட் பிளந்தது. வெளிச்சம். சவுக்குக் கட்டைகளுக்கு நடுவே கடல் தெரிந்தது. உள்ளே ஒன்றுமில்லை. எப்போதும் ஒன்றுமே இருந்ததில்லை.

அவள் நம்பரை அழுத்தினான்.

மணி அடித்தது. காதில் மட்டுமல்ல. காலுக்கடியிலும். எங்கோ கீழே. இன்னும் கீழே.

எடுத்தாள்.

முதலில் காலடிச் சத்தம். ஈரக் கால்கள், கல்லில். ஒன்றிரண்டு பேர் இல்லை. கூட்டம். அதற்கு நடுவில் அவள் மூச்சு.

"எங்க கீறே?" என்றான்.

"இன்னும் எறங்கிகினேதான் கீறேன். ஒரே இருட்டு." சிரிக்கப் பார்த்தாள், முடியவில்லை. "கை இன்னா இப்டி சில்லுனு கீது? யோவ், நீதானே என் கைய புடிச்சிகினு வர்ற?"

இல்லை என்று சொல்ல அவன் வாயைத் திறந்தான்.

போனுக்குள், அவள் காதோரத்தில், கிருபாகரனின் குரல் நிதானமாகப் பதில் சொன்னது.

"நான்தான் சாராள். பயப்படாத. படியப் பாத்து வை."