பால் கொடுத்தவளின் பெயர்

மாலை வகுப்பு முடிந்து என் அக்கா தூதாவின் வீட்டுக்கு நான் போனபோது முற்றத்தில் அரளி இலை புகைந்துகொண்டிருந்தது. ஆற்றங்கரை வீடு, வாசல்வரை சிவப்பரளி பூத்து நிற்கும். ஈறு வீங்கிச் சீழ் கட்டினால் எங்கள் மலையில் அந்தப் புகையைத்தான் காட்டுவார்கள். விடியுமுன் இலையை ஒடிக்க வேண்டும். ஒடிக்கும்போது, இன்னாளுடைய பிள்ளை இன்னான் என்று செடியிடம் சொல்ல வேண்டும்.

அக்காவின் மகன் பாஸுவுக்கு மூன்று வயது. தாடை வீங்கி ஒரு கண் மூடியிருந்தது. காலையில் அக்காவின் மாமியார் யம்னா இலை ஒடித்து வந்ததிலிருந்து வீக்கம் ஏறிக்கொண்டே போனதாம். நகரத்துக்கு மறுநாள்தான் வண்டி.

செடியிடம் என்ன பெயர் சொன்னாள் என்று அக்கா யம்னாவிடம் கேட்டாள்.

"தூதா மவன் பாஸுன்னுதான். பின்ன, பால் குடுத்த ஆட்டுப் பேரையா சொல்லுவாங்க?"

அக்காவுக்குப் பால் சுரக்கவில்லை. பக்கத்து வீட்டு இத்தோதான் பாஸுவுக்குப் பால் கொடுத்தாள். எங்களிடம் பால் கொடுத்தவளும் தாய்தான். ஆனால் இத்தோ அவனை "என் மகன்" என்று கொஞ்சிய அன்று, யம்னா அவளை வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினாள். போன குளிர்காலத்தில் இத்தோ இறந்துபோனாள்.

புகை மேலே எழும்பவில்லை. தரையோடு ஊர்ந்து பாஸுவின் பக்கத்தில் படுத்தது. காற்றாக இருக்கலாம் என்று நினைத்தேன். வாசல் திரை அசையவில்லை.

பாஸு உறக்கத்தில் உதடுகளைக் குவித்துச் சப்பினான். அவன் தலை பாயிலிருந்து சற்று உயர்ந்தே இருந்தது.

தலையணை இல்லை.

யாரோ மடியில் ஏந்தியதுபோல அவன் தலை மெல்ல ஆடியது.

யம்னாவும் பார்த்தாள். "பால் குடுத்துட்டா பாத்தியதை வந்துருமா? செத்தும் வெக்கமில்ல இவளுக்கு," என்று மூலையைப் பார்த்துத் துப்பினாள்.

பாஸுவின் மூச்சு நின்றது. அக்கா அவனை உலுக்கினாள். வெகுநேரம் கழித்தே அது திரும்பியது.

விடியுமுன் அக்கா செடியிடம் போனாள். பாஸுவை மடியில் வைத்துக்கொண்டு உள்ளே இருந்தேன். வெளியே அவள் குரல் உடைந்து கேட்டது.

"இத்தோ மகன் பாஸு. உன் மகன்தான். அவன் உயிரை மட்டும் விட்டுவெச்சிரு."

கிளை ஒடியும் சத்தம். பிறகு, ஈரமான ஒரு பெருமூச்சு. அது அக்காவுடையதல்ல, என் காதருகே கேட்டது.

புதிய இலைகள் கனலில் விழுந்ததும் பாஸுவின் வாயிலிருந்து சீழ் உடைந்து வழிந்தது. காய்ச்சல் இறங்கியது. வெளிச்சம் வரும்போது இரண்டு கண்களையும் திறந்தான். அக்கா அழுதுகொண்டே கைகளை நீட்டினாள்.

அவன் பின்வாங்கினான்.

"இந்தப் பொம்பள யாரு?"

பாஸு திரும்பி என் மார்பில் முகத்தைப் புதைத்து, "அம்மா" என்றான்.

"குடுடி அவன," என்றாள் அக்கா.

கொடுக்கத்தான் நினைத்தேன். என் கைகள் பிரியவில்லை. அவன் தலைக்கடியில் ஏதோ கதகதப்பாகப் பரவியது. குனிந்து பார்த்தேன்.

எனக்கு இன்னும் கல்யாணம்கூட ஆகவில்லை. என் சட்டையின் முன்புறம் பாலால் நனைந்திருந்தது.