ஆறாவது செடி

தலைமையாசிரியர் அறையில் அன்று ஐந்து பேர் இருந்தார்கள். நாற்காலியில் தலைமையாசிரியர் இராமலிங்கம். எதிர் பெஞ்சில் பள்ளிக் கமிட்டி உறுப்பினர் பச்சையப்பன். ஊரில் பெரிய நெல் விவசாயி, பெஞ்சிலும் முக்கால்வாசி அவருக்கே. மீதிக் கால்வாசியில் வகுப்புத் தலைவன் வரதன். வாசல்படியில், துடைப்பத்தைச் சாய்த்து வைத்துவிட்டு, மணி அடிக்கும் ஞானம்மா. ஆறாம் வகுப்பு சம்பூர்ணம் மட்டும் நின்றாள். அவளை யாரும் உட்காரச் சொல்லவில்லை.

தலைமையாசிரியர் பேனாவை உதறிவிட்டு, எழுதியதை உரக்கப் படித்தார்.

"ஐயா, தாங்கள் மலையிலிருந்து தருவித்துக் கொடுத்த ஆறு ஜூனிபர் செடிகளில் ஐந்து கருகிவிட்டன. காரணம், பொறுப்பாளரான மாணவி சம்பூர்ணம் உரம் போடவில்லை."

சம்பூர்ணத்துக்குக் காது இரண்டும் கொதித்தன. இந்தக் கடிதம் போகப்போவது காக்களூர் தொழிற்சாலை மேனேஜர் பாக்கியநாதனுக்கு. அவளைப் பெற்ற நைனா லேத் மெஷின் ஓட்டுவது அவருக்குக் கீழேதான். நாளைக்கு எல்லார் முன்னாலும் நைனா தலை குனிய வேண்டுமா?

"நான் போட்டேன் சார்!"

"எவ்வளவு?"

"செடிக்கு ஒரு ஸ்பூன். வருஷத்துக்கு ஒரே ஒரு தபா. தண்டுல படாம ஒரு சாண் தள்ளிப் போடணும். மேனேஜர் குடுத்த சீட்டுல அப்படித்தான் சார் இருக்குது."

பச்சையப்பன் சிரித்த சிரிப்பில் பெஞ்சு ஆடியது. வரதன் கீழே விழாமல் பிடித்துக்கொண்டான்.

"ஒரு ஸ்பூனா? இன்னா பொண்ணே, செடிக்குச் சோறு போடச் சொன்னா பொட்டு வெச்சிட்டு வந்திருக்கியே! பத்து நாளுக்கு முன்னமே பாத்தேன். நிமிந்து நிக்கத் தெம்பில்லாம தரையில படுத்துக் கெடக்குது. சாம்பல் பூசினாப்ல வெளுத்துப் போயிருக்குது. பயிர் வெளுத்தா இன்னா அர்த்தம்? யூரியா கேக்குதுன்னு அர்த்தம்."

"அது பாய் விரிச்சாப்ல படர்ற செடி மாமா. அதோட நிறமே சாம்பல் நீலந்தான்!"

"நாப்பது வருசமா பயிர் பாக்குறேன். எனக்கே நிறம் சொல்லித் தர்றியா?"

சம்பூர்ணத்துக்கு அழுகை முட்டியது. அதைவிடப் பெரிதாகக் கோபம் முட்டியது. அப்போதுதான் அவர் சொன்ன ஒரு வார்த்தை அவளுக்கு உறைத்தது.

"பத்து நாளுக்கு முன்னமே பாத்தீங்களா மாமா? பாத்துட்டுச் சும்மாவா போனீங்க?"

"சும்மா போவனா? சுத்தி வரப்பு கட்டி, தண்ணி நிறுத்தி, ரெண்டு படி யூரியா வீசிட்டுத்தான் போனேன். நீ பட்டினி போடுறியேன்னு பாவமா இருந்திச்சி."

சம்பூர்ணம் வாசல் பக்கம் திரும்பினாள். "நீங்க அக்கா?"

"நான் இன்னாத்தப் போட்டேன்?" என்றாள் ஞானம்மா. "வெறும் ஆட்டுப் புழுக்கைதான். ஒரு... ரெண்டு கூடை இருக்கும்."

"வரதா, உன் நிஜார் பையில வெள்ளையா ஒட்டிக்கினு இருக்குதே, அது இன்னா?"

வரதன் பையை மூடிக்கொண்டான். "ஊட்ல யூரியா மூட்டை தொறந்திருந்துச்சி. தினம் ஒரு பிடி. செடி செத்துட்டா நம்ம கிளாசுக்குத்தானே அசிங்கம்!"

தலைமையாசிரியரை அவள் எதுவும் கேட்கவில்லை. பார்த்தாள், அவ்வளவுதான்.

அவர் பேனாவை மூடினார். திறந்தார். மறுபடியும் மூடினார். "சாக்பீஸ் டப்பாவில் யூரியா, ஒரு டப்பா," என்றார். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, "செடிக்கு ஒரு டப்பா," என்றார்.

"நாலு பேரும் மாத்தி மாத்தி ஊட்டிட்டு, பட்டினி போட்டேன்னு என் பேரை எழுதுறீங்களே சார்! இது நியாயமா? எல்லாரும் வாங்க, ஒண்ணு காட்டுறேன்."

அவள் விடுவிடுவென்று நடந்தாள். கரிந்துபோன ஐந்து செடிகளைத் தாண்டினாள். தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால், யார் கண்ணிலும் படாத மூலையில், ஆறாவது செடி சாம்பல் நீலமாகப் படர்ந்து கிடந்தது. நுனியெல்லாம் புதுத் துளிர்.

"இதுக்கு நான் போட்ட ஒரு ஸ்பூன் மட்டுந்தான்."

பச்சையப்பன் குந்தி உட்கார்ந்து, ஊசி போன்ற இலையைத் தேய்த்துப் பார்த்தார். "இதுவும் வெளுத்துத்தான் இருக்குது. ஆனா துளிர் உட்டிருக்குதே!" பிறகு எழுந்துபோய் மண்வெட்டி எடுத்து, தாம் கட்டிய வரப்புகளைத் தாமே வெட்டிவிட்டார். ஞானம்மா வெள்ளை படிந்த மேல்மண்ணை வாரிக் கூடையில் போட்டாள். வரதன் கூடையைத் தூக்கினான்.

தலைமையாசிரியர் கடிதத்தை நாலாகக் கிழித்தார். "காரணத்தை நீயே எழுதும்மா."

சம்பூர்ணம் அறைக்குத் திரும்பி, தலைமையாசிரியர் நாற்காலியில் உட்கார்ந்து எழுதினாள். மேலே தேதி போட்டாள்: 12-3-1973. யார் யார், எந்த நாளில், எதை, எவ்வளவு போட்டார்கள் என்று கேட்டு, ஒன்றுவிடாமல் வரிசையாக எழுதினாள்.

பச்சையப்பன் எட்டிப் பார்த்தார். "என் பேரை முதல்ல போடணுமா?"

"நீங்கதானே மாமா முதல்ல போட்டீங்க?"

ஐந்து செடிகளையும் பிழைக்க வைக்க வழி உண்டா என்று கேட்டு, கடைசி வரியில், "ஆறாவது செடி நலமாக இருக்கிறது" என்று முடித்தாள். தலைமையாசிரியர் இரண்டு முறை படித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

வரதனின் டிபன் டப்பாவிலிருந்து நான்கு பருக்கை சோறு எடுத்து நசுக்கி, உறையை அழுத்தி ஒட்டினாள். யாரிடமும் கொடுத்தனுப்பாமல் தானே தபால் பெட்டிவரை நடந்து, உள்ளே போட்டாள். அது அடியில் போய் விழும் சத்தம் கேட்ட பிறகுதான் திரும்பினாள்.