அப்பாவைக் காணவில்லை

"அக்கா, எங்கப்பாவைத் திருடிட்டாங்க," என்றார் புவனேஸ்வரன், நான்கு சங்கங்களின் தலைவர்.

கிருஷ்ணகுமாரி அசையவில்லை. ஓய்வுபெற்ற நீதிமன்ற மொழிபெயர்ப்பாளர். பொய்களை மூன்று மொழிகளில் கேட்டவர். அவருடைய காரோட்டி தங்கராஜு மட்டும் ஆவலாக முன்னால் நகர்ந்தார்.

அப்பா தம்புசாமியின் அஸ்தியை, தகனத்துக்கு மறுநாளே உம்பாய்க் கடலில் கரைத்திருக்க வேண்டும். ஆனால் கலந்துகொள்ள அழைத்திருந்த சட்டமன்ற உறுப்பினருக்கு ஞாயிற்றுக்கிழமைதான் தோதுப்பட்டது. அதுவரை, வீட்டுக்குள் வைக்கக் கூடாதென்று, அஸ்திச் சட்டி கார் போர்ச்சில் இருந்தது. இன்று காலை காணோம். ரிமோட்டில் திறக்கும் ஆட்டோ கேட் உடைபடவில்லை. ரிமோட்டில் ஒன்று புவனேஸ்வரனின் தலையணைக்கடியில். மற்றது அம்மா சுப்பம்மாவின் இடுப்பில்.

"சங்கத் தேர்தல்ல தோத்த கோஷ்டிதான்லா," என்றார் தங்கராஜு. புவனேஸ்வரனுக்கு அது பிடித்திருந்தது. எதிரிகள் இருப்பதும் ஒரு பதவிதான்.

பாச்சாங்கில் புவனேஸ்வரனின் வீட்டில் சுப்பம்மா எல்லோருக்கும் தேத்தண்ணி கொடுத்தார். குடும்ப லோரியை ஓட்டும் நாகமுத்து, முறுக்கு மீசைக்குப் பேர்போனவர், இன்று தொப்பியும் முகக்கவசமுமாக நின்றார். இருமலாம். அவர் இருமி யாரும் கேட்கவில்லை.

"நாகா, நாற்காலியைப் போடு," என்று தன்னைவிட மூத்தவரை ஏவிவிட்டுத் தலைவர் உட்கார்ந்தார். ஞாயிற்றுக்கிழமை சட்டமன்ற உறுப்பினரோடு எடுக்கவிருந்த படத்துக்காக, ஈமச் சடங்கில் மழித்திருக்க வேண்டிய தன் மீசைக்கு அவர் விலக்கு வாங்கியிருந்தார்.

கிருஷ்ணகுமாரி தன் கோப்பையைக் கீழே வைத்தார். "நாகமுத்து, உங்க தேத்தண்ணி ஆறிப்போச்சே. குடிக்கலையா?"

நாகமுத்து சுப்பம்மாவைப் பார்த்தார்.

"கழட்டிருப்பா," என்றார் சுப்பம்மா.

தொப்பிக்குக் கீழே மொட்டை. முகக்கவசத்துக்குப் பின்னால் மீசை இல்லை.

"அஸ்தியைத் திருடி யாருக்கும் லாபமில்ல," என்றார் கிருஷ்ணகுமாரி. "கரைக்கிற கடமை உள்ளவன்தான் எடுப்பான். இருமலுக்கு வாயை மூடலாம். மொட்டையும் போட்டு மீசையும் எடுத்தா, செத்தது அப்பா. கேட்டைத் திறந்தவங்க இடுப்புலதான் ரிமோட் இருக்கு."

"விடியக்காலையே கரைச்சிட்டேன், தம்பி," என்றார் நாகமுத்து. நேற்றுவரை அவர் வாயில் 'பாஸ்'தான்.

இரங்கல் கூட்டத்தில் 'ஒரே மகன்' என்று மூன்று முறை முழங்கியது புவனேஸ்வரனுக்கு நினைவு வந்தது. முன்வரிசையில் அம்மா தலையாட்டிக்கொண்டிருந்தார்.

"எப்பருந்தும்மா தெரியும்?"

"நீ பொறக்கறதுக்கு முன்னாடியே. அவங்கம்மா போனதும் நாந்தான் அவனை லோரியில சேத்துவிட்டேன். அப்பாவுக்கு மூத்தவன் செய்யணும். கொள்ளியை நீ வச்சிட்டே, இதையாவது அவன் செய்யட்டும்."

"என்கிட்ட ஒரு வார்த்தை..."

"சொல்லியிருந்தா இவன் லோரி வேலையும் போயிருக்கும்."

அதுதான் அதிகமாகச் சுட்டது. அம்மா அவரைச் சரியாகவே கணித்திருந்தார்.

சுப்பம்மா ஆறிய தேத்தண்ணியை எடுத்துப்போய், சூடாக வேறு கொண்டுவந்தார்.

"எழுந்திரு, அய்யா. அண்ணன் நிக்கிறான்."

நான்கு சங்கங்களிலும் யாராலும் எழுப்ப முடியாத புவனேஸ்வரன், நாற்காலியை விட்டு எழுந்தார்.