மூச்சடக்கும் போட்டி

காலி இடத்தின் மேல் போட்ட தரை சுத்தியலுக்கு ‘தொம்’ என்று பதில் சொல்லும். இந்தத் தரை ‘டக்’ என்றது, வயிறு நிறைந்தவன் மாதிரி.

பொறியாளர் நகர்ந்து உட்கார்ந்து மறுபடி தட்டினார். டக். நடுப்பகல்தான், ஆனாலும் விருந்து மண்டபத்தின் தடித்த திரைச்சீலைகளுக்குள் வெளிச்சம் தயங்கித் தயங்கி வந்தது. மெழுகு வாசனைக்கு அடியில், பிழியாமல் சுருட்டி வைத்த துண்டின் வாசனை ஒன்று அவரைத் தொடர்ந்துகொண்டே இருந்தது.

நகரின் நடுவில் நூறு வருடமாக நெஞ்சை நிமிர்த்தி நிற்கும் விளையாட்டு கிளப் அது. முகப்பைக் கல் மல்லர்கள் இருவர் தாங்குகிறார்கள். உள்ளே உறுப்பினர்கள் தங்கள் தொந்தியைத் தாங்குகிறார்கள். மூன்றாம் மாடியில் நீச்சல் குளம் கட்டியது முதல் தலைவரின் பெருமை. அறுபது வருடத்துக்கு முன் அதன்மேல் தேக்குப் பலகை அடித்து மண்டபமாக்கியது அடுத்தவரின் பெருமை. இன்று நூற்றாண்டு விழா, நானூறு பேர். ‘குளம் காலி, தரை உறுதி’ என்று பொறியாளர் கையெழுத்துப் போட்டால், பதினோரு வருடமாகக் காத்திருந்த உறுப்பினர் அட்டை கைக்கு வரும்.

“தண்ணியை இறக்கினதுக்கு ஏதாவது எழுத்து இருக்கா மச்சான்?”

கிளப் செயலாளர் அவர் மனைவியின் அண்ணன். “இறக்காமலா மூடுவாங்க? நீ தட்டுறதைப் பார்த்தா டாக்டர் மாதிரி இருக்கு மாப்ள. இருமச் சொல்லேன்.”

சுவரில், மூச்சடக்கும் போட்டியில் ஜெயித்தவர்களின் பெயர்கள் தங்க எழுத்தில், நிமிடம் விநாடியோடு. கடைசி வருடத்துக்கு நேரே மட்டும் ஏழு பெயர்கள். நேரம் இல்லை.

“அது ஏன் அப்படி?”

“கடைசியா மேல வர்றவர்தான் ஜெயிச்சவர். யாருமே வரலைன்னா முடிவை எப்படி அறிவிக்கிறது? விதின்னு ஒண்ணு இருக்குல்ல.” செயலாளர் சிரித்தார். “எல்லாம் பெரிய இடத்துப் பிள்ளைங்க. விட்டுக்கொடுக்கிற ரகம் இல்லை.” நாற்காலிகளைப் பார்க்கக் கீழே போய்விட்டார்.

மூலையில், தரையில் பதித்த ஒரு சோதனை மூடி. பொறியாளர் நெம்பினார்.

குளிர் முகத்தில் அறைந்தது. விளிம்புவரை தண்ணீர். கைவிளக்கைத் தாழ்த்தினார். பச்சை. வெள்ளை ஓடுகள். அடியில், சுவரோரம், ஏழு பேர். சம்மணமிட்டு. கோடு போட்ட நீச்சலுடை. உப்பிய கன்னங்கள்.

ஒருவரை ஒருவர் ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

மூடினார். நிமிர்ந்தபோது வாசலில் செயலாளர், ஒரு கையில் தாள், மறுகையில் தங்க விளிம்பு போட்ட அட்டை.

“காலிதானே மாப்ள?”

பதினோரு வருடம்.

“காலிதான்.”

சாயங்காலம் அவரும் நானூறு பேரோடு நின்றார், சட்டைப்பையில் அட்டையோடு. தலைவர் கிளப்பின் கட்டுப்பாட்டைப் பற்றி நெடுநேரம் பேசினார். பலகை இடுக்குகளில் நீர் கசிந்து காலணிகளை நனைத்தது. கண்ணியமானவர்கள் யாரும் குனிந்து பார்க்கவில்லை. பொறியாளர் மட்டும் பார்த்தார். இடுக்கில் ஒரு குமிழி. வெடித்தது. தள்ளி இன்னொன்று.

ஆறு.

காத்திருந்தார். ஏழாவது வரவில்லை.

கைதட்டல். மூலையில் மூடி உயர்ந்தது. வெளுத்து ஊறிய கை ஒன்று தரையைப் பற்றியது. ஜெயித்தவர் இடுப்புவரை மேலே வந்தார், உப்பிய கன்னங்களைத் தளர்த்தினார், வாயைத் திறந்து, அறுபது வருடம் அடக்கிய மூச்சை உள்ளே இழுக்கத் தொடங்கினார்.

கைதட்டல் நின்றது. நானூறு வாய்கள் திறந்திருந்தன. திரைச்சீலைகள் எல்லாம் சுவரை விட்டு எழும்பி, மூலையை நோக்கி நேராக நின்றன.