மூன்று முறை கூப்பிட்டேன்

அலுவலகத்தில் என்னை ‘வாய்தா’ என்பார்கள். யார் மேல் துறை விசாரணை வந்தாலும் அவருக்குத் துணையாகப் போய் உட்கார்ந்து, தேதி வாங்கி வாங்கியே எதிர்த்தரப்பைச் சலிக்க வைத்துவிடுவேன். ஓய்வு பெற்ற பிறகும் அதை விடவில்லை. வீட்டில் சும்மா உட்கார்ந்தால் மனைவி வேலை வைப்பாள்.

ஸ்டோர்காரர் என் கூட்டாளி. மருந்துக் கிடங்கின் குளிர் அறைச் சாவியை முப்பத்து நான்கு வருடம் வைத்திருந்தவர். ஓய்வு பெற்ற பதினோராம் நாள் அவருக்கு சார்ஜ் மெமோ வந்தது.

குளிர் அறைக் கதவின் உள்பக்கக் கைப்பிடி உடைந்து ஆறு மாதம் ஆகியிருந்தது. உள்ளே மாட்டினால் திறக்க முடியாது. அதனால் பூட்டுவதற்கு முன் கதவை ஒருக்களித்துப் பிடித்து, “உள்ளே யாரு இருக்கா?” என்று மூன்று முறை கூப்பிட வேண்டும் என்பது கிடங்கின் வழக்கம். கடைசி நாளான வெள்ளிக்கிழமை, வழியனுப்பு விழாவுக்கு நேரமாகிவிட்டதென்று ஓடி வந்து பூட்டிவிட்டுப் போனார். திங்கட்கிழமை திறந்தபோது, மருந்துப் பெட்டி கட்டும் பேக்கிங் அக்கா கதவோரம் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தாள். உயிர் இல்லை.

உண்மையை என்னிடம் மட்டும் சொன்னார். கூப்பிடவில்லையாம். மறந்தே போய்விட்டதாம். அது நிரூபணமானால் ஓய்வூதியம் போவதோடு ஜெயிலும் நிச்சயம்.

“மூணு தடவை கூப்பிட்டேன்னு சொல்லு,” என்றேன். “இல்லைன்னு சொல்ல யாரு இருக்கா?”

அந்தப் பாவத்தைச் சொல்லிக் கொடுத்தது நான்தான்.

விசாரணை கிடங்கிலேயே, குளிர் அறையை ஒட்டிய சின்ன அறையில், பிற்பகல் மூன்று மணிக்கு நடந்தது. மின்விசிறி அனலைக் கொட்டியது. விசாரணை அதிகாரி கழுத்தைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

“மூணு தடவை கூப்பிட்டேன் சார்,” என்றார் ஸ்டோர்காரர்.

அவர் வாயிலிருந்து வெள்ளையாக ஆவி வந்தது.

அதிகாரி தலை நிமிரவில்லை. எப்படிக் கூப்பிட்டாரோ அப்படியே கூப்பிட்டுக் காட்டச் சொன்னார்.

முதல் முறை கூப்பிட்டார். ஒன்றுமில்லை.

இரண்டாம் முறை கூப்பிட்டார். சுவருக்கு அப்பால் தகரத்தை நகத்தால் சுரண்டும் சத்தம்.

மூன்றாம் முறை அவர் குரல் பாதியிலேயே கம்மிவிட்டது.

“நான்தான் இருக்கேன் அண்ணே. கதவைச் சாத்திடாதீங்க.”

அதிகாரி எழுதிக்கொண்டே இருந்தார். அக்காவின் குரல் எங்கள் இரண்டு பேருக்கு மட்டும்தான் கேட்டிருக்கிறது. ஸ்டோர்காரர் உண்மையைச் சொல்ல வாயெடுத்தார். மேசைக்கடியில் அவர் தொடையை அழுத்திப் பிடித்தேன். அது சில்லிட்டுப் போயிருந்தது. வாக்குமூலத்தின் கீழே அவர் கையெழுத்துப் போட்டார். அதன் கீழே நானும் போட்டேன்.

நாலாம் நாள் மத்தியானம் அவர் மனைவி போன் செய்தாள். குளிக்கப் போனவர் கதவைத் திறக்கவில்லை என்றாள். ஓடினேன். உடைத்துத்தான் திறந்தோம். உள்ளே தாழ்ப்பாளே போட்டிருக்கவில்லை.

கதவோரம் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தார். குழாய்த் தண்ணீரே சுடுகிற வெயிலில், அவர் புருவத்தில் உறைபனி.

“யாரோ ஒரு பொம்பளை கூப்பிட்டா அண்ணே,” என்றாள் அவர் மனைவி. “உள்ளே யாரு இருக்கான்னு மூணு தடவை. வந்து பாத்தா ஆளே இல்லை. இவரு ஏன் அண்ணே பதில் சொல்லலை?”

குற்றம் சாட்டப்பட்டவர் இறந்தால் விசாரணையைக் கைவிட்டுவிடுவார்கள். கைவிட்டார்கள். எனக்குப் பயம் தாங்கவில்லை. எல்லாவற்றையும் ஒப்புக்கொள்ள அதிகாரியிடம் போனேன். கோப்பை மூடியாகிவிட்டது, இனித் திறக்க முடியாது என்று அனுப்பிவிட்டார்.

என் மனைவி இப்போது மகள் வீட்டில் இருக்கிறாள். இன்று காலை குளியலறையில் முகம் கழுவிக்கொண்டிருந்தேன்.

“உள்ளே யாரு இருக்கா?”

நான்தான் என்று கத்த வாயைத் திறந்தேன். ஆவிதான் வந்தது.

இன்னொரு முறை கூப்பிட்டாள்.

அப்புறம் சத்தமில்லை. கதவு தானாகத் திறந்துகொண்டது. மூன்றாவதற்கு எனக்குத் தேதி கொடுத்திருக்கிறாள் போலிருக்கிறது.

இதை எழுதுகிற மேசை மேல் ஒரு தம்ளர் தண்ணீர் வைத்திருக்கிறேன். ஓரத்திலிருந்து மெல்ல உறைந்துகொண்டு வருகிறது.